எட்டாவது படம்

அருந்ததி அம்மா நான்காவது தடவை செத்துப்போன படம், வியாழக்கிழமை காலை பத்தேகால் மணிக்குத் தபாலில் வந்தது. அப்போது அவர் எங்கள் முன்னால் சாய்மனைக் கதிரையில் உயிரோடுதான் உட்கார்ந்திருந்தார்.

படத்தில் அவருக்கு நாற்பது வயது இருக்கும். வெள்ளைச் சேலை, நெஞ்சின்மேல் கோர்த்த கைகள், மூடிய கண்கள், தலைமாட்டில் குத்துவிளக்கு. நடிப்பு என்று தெரிந்தும் நான் படத்தையும் கதிரையையும் மாறி மாறிப் பார்த்தேன். நான் குருநகர் ஆள். கடல் கொண்டுவந்து போட்ட உடல்களை சின்ன வயதிலேயே பார்த்தவன். ஆனால் ஒரு பிணத்தையும் அதன் சொந்தக்காரியையும் ஒரே அறையில் வைத்துப் பார்த்தது அன்றைக்குத்தான்.

நாங்கள் யார் என்று சொல்லிவிடுகிறேன். தயாளினி அக்கா மானிப்பாயில் ஒரு சின்ன அறையில் துப்பறியும் தொழில் நடத்துகிறார். தொழில் என்றால் பெரும்பாலும் வெளிநாட்டு மாப்பிள்ளைகளின் வண்டவாளத்தை விசாரித்துப் பெண் வீட்டாருக்குச் சொல்வதுதான். மாப்பிள்ளைக்கு அங்கே ஏற்கெனவே ஒரு குடும்பம் இருக்கிறதா, தலைமயிர் சொந்தமா என்பது போன்ற வழக்குகள். நான் கிறிஸ்ரோபர். அக்காவின் உதவியாளன், அவருடைய ஓட்டோச் சாரதி, அவர் திட்டுவதற்கென்று கடவுள் படைத்த ஆள். பயம் வந்தால் எனக்குப் பகிடி தானாக வரும். அந்த வாரம் முழுக்க நான் பகிடியாகவே விட்டுக்கொண்டிருந்தேன்.

அருந்ததி அம்மாவை இன்றைக்கு யாருக்கும் தெரியாது. அறுபதுகளில் கொழும்பில் எடுத்த மூன்று தமிழ்ப் படங்களில் நடித்தவர். எண்பத்து மூன்றில் ஒரு தொலைக்காட்சி நாடகம். நான்கிலும் அவர் தங்கச்சி, நான்கிலும் சாவு. முதல் படத்தில் கிணற்றில் விழுந்தார். இரண்டாவதில் பாம்பு கடித்தது. மூன்றாவதில் பாலில் நஞ்சு. நாடகத்தில் ஏதோ பெயர் தெரியாத வருத்தம் வந்து படுக்கையில். அந்த நாடகம் முடியுமுன் ஆடிக் கலவரம் வந்தது. படச்சுருள்கள் எரிந்தன, ஆட்கள் சிதறினார்கள், அவர் கப்பலில் யாழ்ப்பாணம் வந்து கணவரோடு இந்த அரியாலை வீட்டில் அடங்கிப்போனார். கணவர் போய் இருபது வருடம்.

போன மாதம் உள்ளூர்ப் பத்திரிகை ஒன்று அவரைக் கண்டுபிடித்து அரைப் பக்கம் எழுதியது. அதோடு பிடித்தது சனியன். வாரத்துக்கு ஒன்றாகப் பழுப்புக் கவர்கள் வரத் தொடங்கின. அனுப்பியவர் பெயர் இல்லை. ஒவ்வொன்றுக்குள்ளும் ஒரு படம். கிணற்று மேட்டில் ஈரச் சேலையோடு பிணம். காலில் கட்டோடு பிணம். கவிழ்ந்த பால் செம்புக்குப் பக்கத்தில் பிணம். இன்றைக்கு இது. தபால் முத்திரையோ யாழ்ப்பாணம். அனுப்பிய ஆள் பஸ் ஏறினால் அரை மணியில் வந்துவிடக்கூடிய தூரத்தில் இருக்கிறான்.

முதல் கவரோடு அம்மா வெளியே போவதை நிறுத்தினார். இரண்டாவதோடு யன்னல்களைப் பூட்டினார். மூன்றாவதோடு சாப்பாட்டை நிறுத்திவிட்டு எங்களுக்கு போன் எடுத்தார். எண்பத்திரண்டு வயது. இதயம் இனி இன்னொரு அதிர்ச்சி தாங்காது என்று டொக்டர் சொல்லியிருந்தார். நாளைக்குப் பத்து மணிக்கு சட்டத்தரணி வந்து, இந்த வீட்டை ஊர் நாடக மன்றத்துக்கு எழுதும் உறுதிப் பத்திரத்தில் கையெழுத்து வாங்குவதாக ஏற்பாடு.

"நாளைக்கு நான் இருக்கமாட்டன், பிள்ளை," என்றார் அம்மா. சொன்ன குரலில் நடிப்பு இல்லை.

அக்கா பக்கத்தில் குந்தி, படம் எடுத்தது யார் என்று கேட்டார். அம்மா கண்ணை மூடிக்கொண்டார். நாலையும் எடுத்தது ஒரே ஆள்தானாம், அந்த ஆள் எண்பத்து மூன்றிலேயே வெட்டுப்பட்டுச் செத்ததாகக் கேள்வியாம். செத்தவனுடைய பெயரை விளக்கு வைத்த வீட்டில் சொல்லமாட்டேன் என்றார்.

செத்தவன் தபாலில் படம் அனுப்புகிறான். முத்திரைக்கு யார் காசு கொடுத்தார்கள் என்று நான் கேட்டேன். யாரும் சிரிக்கவில்லை, நானும்கூட.

பிறகு அம்மா மெதுவாக ஒன்று சொன்னார். "என்னைச் செத்தபடியே விட்டிட்டாங்கள்."

அக்காவின் முகம் மாறியதைக் கண்டேன். அந்த வேளையில் சுபாஜினி தேத்தண்ணீரோடு வந்தார். அம்மாவின் கணவருடைய தங்கையின் மகள். கலியாணம் கட்டவில்லை. இருபது வருடமாக மாமியைக் குளிப்பாட்டி, மருந்து கொடுத்து, பேப்பர் வாசித்துக் காட்டிக்கொண்டு இருப்பவர். இப்படி ஒரு மருமகளுக்கு எந்த மாமியும் கொடுத்துவைத்திருக்க வேண்டும் என்று நான் நினைத்தேன். கவரைத் திறந்தது யார் என்று அக்கா கேட்டதற்கு, மாமிக்குக் கண் வடிவாகத் தெரியாது, வருகிற கடிதமெல்லாம் நான்தான் உடைத்துக் கொடுக்கிறேன், என்றார் சுபாஜினி. அவருடைய கண்ணும் அழுது வீங்கித்தான் இருந்தது.

அக்கா நாலு படங்களையும் வாங்கிக்கொண்டு முற்றத்துக்கு வந்தார். வெளிச்சத்தில் முன்பக்கத்தைப் பார்க்கவேயில்லை, பின்பக்கத்தைத் திருப்பினார். ஒவ்வொன்றின் மூலையிலும் பென்சிலால் ஓர் எண். அதற்கு மேலே துளி அளவில் ஒரு சிலுவைக் குறி.

"ஆர் எழுதினது எண்டு நினைக்கிறாய்?"

"பேயெண்டால் கையெழுத்து இவ்வளவு வடிவாய் இராது அக்கா."

"சைவக்காரர் இல்லை. சைவமெண்டால் பிள்ளையார் சுழி போட்டிருப்பினம். எழுதுறதுக்கு முதல் சிலுவை போடுற பழக்கம் உங்கடை ஆக்களுக்குத்தான்." அக்கா படங்களை ஓட்டோ இருக்கையில் வரிசையாக வைத்தார். "எண்களை வாசி."

ஒன்று. மூன்று. ஐந்து. ஏழு.

வாசித்து முடித்ததும் நான் ஒரு படத்தைக் கண்ணுக்குக் கிட்டப் பிடித்தேன். எண்ணுக்காக அல்ல. அந்தச் சிலுவையை நான் முன்பே பார்த்திருக்கிறேன். எங்கள் வீட்டு அலுமாரியில், அம்மாவின் செபப் புத்தகத்துக்குள் ஒரு படம் இருக்கிறது. திறந்த பெட்டிக்குள் என் அப்பா. சுற்றி நாங்கள் எல்லோரும். எங்கள் ஆட்களின் வழக்கம் அது, சேமக்காலைக்கு அடக்கம் செய்யக் கொண்டுபோகுமுன் பெட்டியைச் சுற்றி நின்று ஒரு படம். அதன் பின்னால் இதே பென்சில், இதே சிலுவை, எண் ஒன்று.

"தேவராசா," என்றேன். "சவப்பெட்டிப் படக்காரர். அப்பான்ரை பெட்டிப் படத்துக்குப் பின்னாலையும் இதே சிலுவை, நம்பர் ஒண்டு. குருநகரிலை எந்தச் செத்தவீடெண்டாலும் அவர்தான். சின்னனிலை அவரைக் கண்டால் நாங்கள் ஓடி ஒளிப்பம். அவர் ஆரைப் படம் எடுக்கிறாரோ அவர் கெதியிலை செத்திடுவார் எண்டு கதை."

"உங்கடை வீட்டிலை ரெண்டாம் நம்பர் படம் இருக்கோ?"

இல்லை என்றேன். ஆனால் ஒன்று ஞாபகம் வந்தது, சொல்ல வெட்கமாக இருந்தது. அப்பாவைப் பெட்டிக்குள் வைத்திருந்த அன்று, அந்த மனிதன் எட்டு வயதான என்னைத் தனியாக மதிலடிக்குக் கூட்டிப்போய், கையில் ஒரு ரொபி இனிப்பை வைத்து, சிரி என்றான். நான் சிரித்தேன். அதைக் கண்ட என் அம்மா அவனைத் தெருவரைக்கும் துரத்திப் பேசினார். முப்பது வருடத்துக்கு மேலாக நான் அந்த ஆளை மன்னிக்கவில்லை.

அக்கா ஓட்டோவில் ஏறி உட்கார்ந்தார். "விடு குருநகருக்கு."

தேவராசாவின் வீடு கடற்கரையிலிருந்து மூன்றாவது ஒழுங்கையில். கதவு திறந்தே கிடந்தது. கூப்பிட்டோம், பதில் இல்லை. உள்ளே போனோம். சுவர் தெரியவில்லை, எல்லாம் சவப்பெட்டிப் படங்கள். நாலு சுவரிலும், கூரைவரைக்கும், திறந்த பெட்டிகளும் அவற்றைச் சுற்றி நின்று எங்களைப் பார்க்கும் முகங்களும். அதில் பாதிப் பேர் எனக்குத் தெரிந்தவர்கள். என் கால் தானாக வாசலைத் தேடியது. அக்கா என் சேட்டைப் பிடித்து நிறுத்தினார்.

"அந்தோனிப்பிள்ளையின்ரை கடைசிப் பெடியன்," என்றது ஒரு குரல் எனக்குப் பின்னால், காதுக்குக் கிட்டவாக.

நான் கத்தினேனா என்று அக்காவைத்தான் கேட்கவேண்டும். திரும்பினால் சாரமும் வெள்ளைச் சேட்டுமாக ஒரு கிழவர். எண்பத்தைந்து வயது சொல்லலாம். கழுத்தில் பழைய கமரா தொங்கியது. என்னை மேலும் கீழும் பார்த்தார்.

"உன்ரை ரெண்டு என்னட்டைத்தான் கிடக்கு. கொம்மா வாங்கேல்லை."

மேசை லாச்சியைத் திறந்து, தேடாமலே ஒரு சின்னப் படத்தை எடுத்து என் சேட்டுப் பைக்குள் வைத்தார். நான் அதை எடுத்துப் பார்க்கத் துணியவில்லை. அக்காவோ நேராக விசயத்துக்கு வந்தார். நாலு படத்தையும் மேசையில் பரப்பி, ஒரு வயோதிபப் பெண்ணை இப்படிப் பயப்படுத்துவதற்கு என்ன காரணம் என்று கேட்டார்.

கிழவருக்கு முதலில் கேள்வியே விளங்கவில்லை. பயமா, என்று திருப்பிக் கேட்டார். பிறகு கதிரையைத் தடவிப் பிடித்து உட்கார்ந்தார். கொழும்பில் இருபது வருடம் படப்பிடிப்புகளில் ஸ்டில்ஸ் எடுத்தவர் அவர். எண்பத்து மூன்றில் தலையில் வெட்டோடு தப்பி வந்து, ஊரில் வேறு தொழில் கிடைக்காமல் செத்தவீடுகளுக்குப் படம் எடுக்கத் தொடங்கினார். அருந்ததி உயிரோடு இருப்பதே பத்திரிகை பார்த்துத்தான் தெரியுமாம்.

"அவவை ஏன் எல்லாரும் சாக்காட்டினவங்கள் தெரியுமோ?" என்றார். "அவ செத்துக் கிடந்தால் பாக்கிற சனம் மூச்சு விடாது. அப்பிடி ஒரு சாவு சாவா. அதாலை வசனம் குடுக்காமல் சாவையே குடுத்தாங்கள். நல்ல நடிகை, பாவம். ஒரு படத்திலையும் கடைசி ரீல் வரைக்கும் இருக்கேல்லை."

அக்கா எண்களைக் காட்டினார். இரண்டு, நாலு, ஆறு எங்கே?

கிழவர் எங்களை, ஒன்றும் தெரியாத பிள்ளைகளைப் பார்ப்பதுபோல் பார்த்தார். படப்பிடிப்பில் ஒருவரைப் பிணமாகக் கிடத்திப் படம் எடுத்தால், அவரை அப்படியே எழும்பிப் போக விடமாட்டார்களாம். எழுந்து உட்கார்ந்து, கமராவைப் பார்த்துச் சிரிக்கவேண்டும். அதையும் ஒரு படம் எடுக்கவேண்டும். அப்போதுதான் அந்தச் சாவு கழியும். செத்த படம் ஒற்றை எண், சிரித்த படம் இரட்டை எண். ஒன்றில்லாமல் மற்றதை யாருக்கும் கொடுக்கக்கூடாது.

"செத்தவீட்டிலையும் நான் அதை விடேல்லை," என்றார் என்னைப் பார்த்து. "சவத்துக்குப் பக்கத்திலை நிண்ட முகத்தோடை ஒரு பிள்ளையை வீட்டை விடேலுமோ?"

நான் பைக்குள்ளிருந்த படத்தை அப்போது எடுத்துப் பார்த்தேன். கன்னத்தில் ரொபி புடைத்துக்கொண்டு, முன்பல் இல்லாமல் ஒரு பெடியன் சிரித்துக்கொண்டிருந்தான். நான் அதை மறுபடி பைக்குள் கவனமாக வைத்தேன்.

அக்காவின் குரல் மட்டும் மாறவில்லை. "ஐயா, ஒரு கவருக்குள்ளை எத்தினை படம் வைச்சனீங்கள்?"

"ரெண்டு. செத்ததும் சிரிச்சதும். கடைசிக் கவருக்குள்ளை மட்டும் ஏழாம் நம்பரும் ஒரு கடிதமும். எட்டு இல்லை. நாடகத்திலை அவ செத்துக் கிடக்கேக்கைதான் வெளியிலை நெருப்பு வைச்சாங்கள். எல்லாரும் ஓடினம். அவவைச் சிரிக்க வைக்க நேரம் கிடைக்கேல்லை. அதைத்தான் எழுதினனான். எங்கை வரட்டும் எண்டு கேட்டு, என்ரை விலாசமும் போட்டு."

சிரிப்புகளை யாரோ எடுத்துவிட்டு, சாவுகளை மட்டும் அந்த அம்மாவின் மடியில் வைத்திருக்கிறார்கள். அந்த வீட்டில் அந்த வழக்கம் தெரிந்த ஒரே ஆள் அந்த அம்மாதான். தன்னைச் செத்தபடியே விட்டுவிட்டார்கள் என்று அவர் சொன்னதன் பொருள் அப்போதுதான் எனக்கு உறைத்தது. தபால் உடைப்பது சுபாஜினி. அந்தச் சுபாஜினியோடு அம்மாவைத் தனியாக விட்டுவிட்டு நாங்கள் இங்கே வந்து நிற்கிறோம்.

அக்கா போன் எடுத்தார். ஒலிபெருக்கியில் போட்டார். நாலாவது மணி அடிக்கும்போது சுபாஜினி எடுத்தார்.

"மாமிக்குப் பால் குடுத்தனான், அக்கா. படுத்திட்டா."

தொடர்பு நின்றது. மேசையில் ஐந்தாம் நம்பர் படம் கிடந்தது, கவிழ்ந்த பால் செம்போடு. மூன்று பேரும் அதைத்தான் பார்த்தோம்.

அந்த ஓட்டத்தை என் ஓட்டோ மறக்காது. மீன்சந்தைக்கு முன்னால் ஒரு சைக்கிளை மயிரிழையில் தவறவிட்டேன். சைக்கிள்காரர் என் பரம்பரையை விசாரித்தார். கிழவர் பின்னால் அக்காவோடு, கமராவை நெஞ்சோடு அணைத்தபடி இருந்தார். பிலிம் கிடக்கிறதா என்று கேட்டேன், ஏதாவது கதைத்தால்தான் என் ஓட்டோ நேராகப் போகும் என்பதால்.

"பத்து வரியமாய் இல்லை," என்றார்.

அரியாலை வீட்டின் கேற் திறந்து கிடந்தது. உள்ளே ஒருவர் விம்மும் சத்தம். அறைக்குள் ஓடினோம்.

அருந்ததி அம்மா கட்டிலில் கிடந்தார். வெள்ளைச் சேலை. நெஞ்சின்மேல் கோர்த்த கைகள். மூடிய கண்கள். ஏழாம் நம்பர் படத்துக்கும் கட்டிலுக்கும் வித்தியாசம் நாற்பத்தொரு வருடம் மட்டும்தான். கால்மாட்டில் சுபாஜினி நிலத்தில் இருந்து அழுதுகொண்டிருந்தார். கட்டிலெல்லாம் படங்கள். அக்கா அவற்றை ஒவ்வொன்றாகத் திருப்பினார். இரண்டு. நாலு. ஆறு. மூன்று இளமையான அருந்ததிகள் எங்களைப் பார்த்துச் சிரித்தார்கள். பக்கத்தில் நாலாக மடித்த ஒரு கடிதம்.

"காட்டினனான்," என்று சுபாஜினி தேம்பினார். "கடைசியிலை எல்லாத்தையும் கொண்டுவந்து காட்டினனான். கண்ணைத் திறக்கேல்லை. பாலிலை ஒண்டும் இல்லை அக்கா, சத்தியமாய் ஒண்டும் இல்லை. நாளைக்கு மட்டும் கையெழுத்து வையாமல் இருந்தால் காணும் எண்டுதான். வீட்டை மன்றத்துக்குக் குடுத்தால் நான் எங்கை போறது?"

பால் கோப்பை மேசையில் நிரம்பியபடி ஆடை படிந்து இருந்தது. தொடப்படவேயில்லை. அக்கா அம்மாவின் மணிக்கட்டைப் பிடித்தார். விரலை மாற்றிப் பிடித்தார். மறுபடி மாற்றினார். மாப்பிள்ளைகளின் பொய்யை முகத்தைப் பார்த்தே பிடிக்கிற என் அக்காவின் முகத்தில் அன்றுதான் முதல்முறையாகப் பயத்தைக் கண்டேன். எனக்கு அதைவிட வேறு பயம் தேவைப்படவில்லை. அம்புலன்சுக்கு அடிக்க போனை எடுத்தேன், எண் மறந்துபோயிற்று.

தேவராசா மட்டும் அழவில்லை, ஓடவில்லை. யன்னலைத் திறந்து வெளிச்சத்தை உள்ளே விட்டார். கட்டிலுக்கு நேரே வந்து நின்றார். கால்களை அகட்டி ஊன்றிக்கொண்டு, பிலிம் இல்லாத கமராவைக் கண்ணில் வைத்தார். பிறகு, நாள் முழுக்க வேலை செய்து களைத்தவர் சொல்வதுபோல், சாதாரணமாகச் சொன்னார்.

"முடிஞ்சுது, அருந்ததி. இனிச் சிரியுங்கோ."

ஒன்றும் நடக்கவில்லை. சுவர் மணிக்கூடு மட்டும் கேட்டது. நான் எண்ணத் தொடங்கினேன். ஏழுவரைக்கும் எண்ணியிருப்பேன்.

எட்டுக்கு அம்மாவின் உதடு அசைந்தது.

முதலில் ஓரத்தில், பிறகு முழுவதுமாக. கண் திறந்தது. கமராவை நேராகப் பார்த்து அவர் சிரித்தார். நாற்பத்தொரு வருடத்துக்கு முன் எடுக்காமல் விட்ட எட்டாம் நம்பர் படத்தின் சிரிப்பு. கிழவர் பொத்தானை அமத்தினார். வெறும் கமரா சடக் என்றது.

"எத்தினை வரியம் மூச்சைப் பிடிச்சுக்கொண்டு கிடக்கிறது, தேவராசா?" என்றார் அம்மா. குரல் நூலாக இருந்தது. "நீங்கள் செத்திட்டியள் எண்டு சொன்னாங்கள்."

"உங்களையும் அப்பிடித்தான் சொன்னவங்கள்," என்றார் கிழவர். அதற்குப் பிறகுதான் அவர் அழுதார்.

அந்த அம்மா நடித்தாரா, உண்மையாகவே போய்க்கொண்டிருந்து திரும்பி வந்தாரா என்று இன்றைக்கும் எனக்குத் தெரியாது. டொக்டர் வந்து பார்த்து, நாடி பலவீனம், ஆனால் ஆபத்து இல்லை என்றார். அக்கா கேட்டதற்கு அம்மா, தொழில் இரகசியம், என்று மட்டும் சொன்னார். இரண்டு கரண்டி கஞ்சி உள்ளே போனபிறகு சுபாஜினியைக் கூப்பிட்டார். பொலிசுக்கா, வீட்டைவிட்டு வெளியிலா என்று நாங்கள் காத்திருந்தோம்.

"அலுமாரியிலை சட்டத்தரணி அனுப்பின கவர் ஒண்டு கிடக்கு. எடு," என்றார்.

சுபாஜினி எடுத்துவந்தார். ஒட்டு விடாமல் அப்படியே இருந்தது. வருகிற கடிதமெல்லாம் உடைக்கிறவர், சட்டத்தரணியின் பெயர் இருந்த அந்த ஒன்றை மட்டும் பயத்தில் தொடவில்லை. அம்மா அதை உடைத்து வாசிக்கச் சொன்னார். உறுதியின் நகல். சுபாஜினி சத்தமாக வாசித்தார். வீடும் வளவும் நாடக மன்றத்துக்கு. அடுத்த வரியில் அவருடைய குரல் நின்றுவிட்டது. அக்கா வாங்கி மிச்சத்தை வாசித்தார். எழுதுபவருக்குப் பின் அவருடைய மருமகள் சுபாஜினி, தன் சீவகாலம் முடியும்வரை இவ்வீட்டில் குடியிருக்கும் சீவிய உரித்து உடையவர். மன்றம் அவரை எழுப்ப முடியாது.

"போன மாசமே வாசிச்சுக் காட்டு எண்டு கேட்டனான்," என்றார் அம்மா. "உன்ரை மூக்குக் கண்ணாடியைக் காணேல்லை எண்டனீ."

சுபாஜினி உறுதியைப் பிடித்த கையோடு அப்படியே நின்றார். அம்மா கட்டிலில் எழுந்து உட்கார்ந்து, சேலைத் தலைப்பைச் சரிசெய்து, பக்கத்தில் ஒரு ஆளுக்கு இடம் விட்டார்.

"வா. படத்திலை நில்."

நான் என் போனைக் கொடுத்தேன், இந்தத் தடவை படம் உண்மையாகவே விழட்டும் என்று. தேவராசா அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்து, எந்தப் பக்கம் கண் என்று கேட்டு, உயர்த்திப் பிடித்தார். அருந்ததி அம்மா சிரித்தார். பக்கத்தில் சுபாஜினி கன்னத்தைத் துடைத்துக்கொண்டு உட்கார்ந்தார்.

"சிரி பிள்ளை," என்றார் கிழவர்.

சுபாஜினி முயன்று பார்த்தார். கிழவர் கை வலிக்கும்வரை போனைப் பிடித்துக்கொண்டு காத்திருந்தார். அந்தப் பெண்ணால் அது மட்டும் முடியவில்லை.